மஞ்சள் கேசட்டுக்குள் தெருப் பசங்களின் விளையாட்டு

தொண்ணூறுகளில் நம் வீடுகளுக்கு வந்த டிவி கேம் பெட்டியில் பூட்டு என்று ஒன்று கிடையாது. அதன் மூலமான நின்டெண்டோ ஃபாமிகாம் 1983 ஜூலையில் ஜப்பானில் வெளிவந்தபோதும் இல்லை. 1985-இல் அமெரிக்காவுக்குப் போன என்.இ.எஸ். பெட்டியில்தான், கம்பெனி அனுமதித்த கேசட் மட்டுமே ஓடும்படி ஒரு சிப்பைச் சேர்த்தார்கள். நம்மூருக்கு வந்தவை ஃபாமிகாமைப் பார்த்துச் செய்த நகல்கள். அந்த 60 பின் ஸ்லாட்டில் எதைச் செருகினாலும், யார் எழுதியது என்று கேட்காமல் ஓட்டும். "9999 இன் 1" என்று ஸ்டிக்கர் ஒட்டி, ஒரே விளையாட்டையே பத்துப் பெயரில் காட்டிய கேசட்டுகள் பிழைத்தது இந்தத் தயவில்தான். அதே தயவில் பெங்களூரு அல்சூரில் எங்கள் தெருப் பசங்க யோசித்த ஐந்து வினாடி விளையாட்டுகளும் இப்போது அதில் ஓடுகின்றன. எப்படி என்று எழுதி வைக்கிறேன். வீட்டுப் பரணில் இதே பெட்டி கிடக்கிறவர்களுக்கு உதவும்.

கேட்டது அக்கா மகள். ஏழாவது படிக்கிறாள். "எல்லாம் யாரோ பண்ண கேம்தானே மாமா, நாங்க சொல்ற கேமை இதுல போட முடியாதா?" என்றாள். இது புது ஆசை ஒன்றும் இல்லை. 1984-இலேயே ஃபாமிகாமுக்கு ஒரு கீபோர்டும் பேசிக் மொழிக் கேசட்டும் விற்றார்கள். எழுதிய புரோகிராமை ஆடியோ டேப்பில் பதிந்துகொள்ளலாம். ஆனால் பேசிக் மெதுவாக ஓடும், டேப்போ பொறுமையைச் சோதிக்கும். எனக்கு வேண்டியது வேறு. ஸ்விட்சைப் போட்டதும் பசங்க பெயரோடு மெனு வரவேண்டும். ஒரு விளையாட்டு முடிந்த கையோடு அடுத்தது வந்து விழ வேண்டும். யாராவது புதிதாக ஒன்று வரைந்து கொண்டுவந்தால் அன்று மாலையே அதைச் சேர்த்துவிட முடிய வேண்டும்.

எஸ்டி கார்டு போடும் கேசட்டுகள் கிடைக்கின்றன, நன்றாகவும் இருக்கின்றன, விலையும் அதற்கேற்ப இருக்கிறது. ஆனால் அடுத்தடுத்து வரவேண்டுமென்றால் எல்லா விளையாட்டும் ஒரே ரோமுக்குள், அதாவது கேசட்டின் ஒரே நினைவகச் சிப்புக்குள், இருந்தாக வேண்டும். அப்படி ஆனபிறகு கார்டு எதற்கு? நாலு ஐசி (சிப்) போதும்.

பெட்டியை எழுப்புவது பெரிய வேலையில்லை. 9 வோல்ட் டிசி உள்ளே போய், 7805 ரெகுலேட்டர் அதை 5 வோல்ட்டாக்கும். அடாப்டர் பிளக்கின் நடுவில் பிளஸ்ஸா மைனஸா என்பது மட்டும் பெட்டிக்குப் பெட்டி மாறும். மூடியைத் திறந்து, 7805-இன் நடுக்கால் ஜாக்கின் எந்த முனையோடு சேர்கிறது என்று மல்டிமீட்டரில் பார்த்துவிடுங்கள், அதுதான் மைனஸ். ஸ்லாட்டை ஐசோபுரொப்பைல் ஆல்கஹாலில் தொட்ட பழைய டூத்பிரஷ்ஷால் தேய்த்தால் போதும். வாயால் ஊதுகிற அந்தக் காலப் பழக்கத்தை விட்டுவிடலாம், எச்சில் ஈரம் பின்னைக் கறுக்கவைக்கும்.

கேசட் போர்டு

பழைய மஞ்சள் கேசட்டைத் திறந்தால் உள்ளே ஐசி எதுவும் இருக்காது, ஒரு கறுப்பு எபாக்சிக் குமிழ்தான் இருக்கும். அதை மாற்றவும் முடியாது, எடுக்கவும் முடியாது. அதனால் மேல் ஓட்டை மட்டும் வைத்துக்கொண்டு போர்டைக் கைகேட் என்ற சர்க்யூட் வரையும் மென்பொருளில் புதிதாக வரைந்தேன். பின் இடைவெளி 2.54 மி.மீ. என்பதால் வரைவது எளிது. என் ஸ்லாட்டுக்கு 1.2 மி.மீ. தடிமன் போர்டு இறுக்கமும் இல்லாமல் ஆட்டமும் இல்லாமல் உட்கார்ந்தது.

சர்க்யூட் என் கண்டுபிடிப்பு இல்லை. எண்பதுகளின் கேசட்டுகளில் இருந்த அன்ரோம் என்ற அமைப்புதான். 128 கிலோபைட் ரோம், படங்களுக்கு 8 கிலோபைட் ரேம், ஒரு 74161, ஒரு 7432 என்ற இரண்டு லாஜிக் சிப். அவ்வளவுதான். இது வேலை செய்யும் விதம் எனக்கு ரொம்பப் பிடிக்கும் என்பதால் கொஞ்சம் விளக்கிவிடுகிறேன்.

பெட்டியின் சிபியு, கேசட்டின் ரோமை 32 கிலோபைட் ஜன்னல் வழியாகத்தான் பார்க்கும். நம்மிடம் இருப்பது 128. ஆகவே ஜன்னலை இரண்டு 16 கிலோபைட் பாதியாகப் பிரித்து, கீழ்ப்பாதியில் எட்டு பேங்குகளில் (16 கிலோபைட் துண்டுகளில்) எது வேண்டுமோ அதைக் காட்டுகிறோம், மேல்பாதியில் எப்போதும் கடைசி பேங்க் மட்டும். எது வேண்டும் என்பதை 74161 நினைவில் வைத்திருக்கும். அது உண்மையில் எண்ணும் சிப். அதன் இரண்டு எனேபிள் கால்களையும் கிரவுண்டில் கட்டி எண்ணவிடாமல் செய்து, லோட் காலில் சிபியுவின் ரீட்-ரைட் லைனையும், கிளாக்கில் ரோம் செலக்ட் லைனையும் கொடுத்தால், ரோம் முகவரியில் எதையாவது எழுதும்போது மட்டும் அந்த எண்ணைப் பிடித்துக்கொள்ளும். அதிலிருந்து வரும் மூன்று பிட்டையும் 7432-இன் ஆர் கேட் (எந்த உள்ளீடு ஒன்றானாலும் ஒன்று தருவது) வழியாக ஏ14 என்ற முகவரி லைனோடு சேர்த்து ரோமுக்கு அனுப்புகிறோம். சிபியு மேல்பாதியைப் பார்க்கும்போது ஏ14 ஒன்றாக இருக்கும், எதோடு ஆர் செய்தாலும் மூன்றும் ஒன்றுதான், ஆக ஏழாம் எண் பேங்க், அதாவது கடைசி. இரண்டு சாதாரண ஐசியில் இவ்வளவு வேலை!

கடைசி பேங்க் நிலையாக இருப்பதில் இன்னொரு லாபமும் உண்டு. ஸ்விட்சைப் போட்டதும் 74161-இல் என்ன எண் இருக்கும் என்று சொல்ல முடியாது. ஆனால் சிபியு முதலில் பார்க்கும் ரீசெட் முகவரி மேல்பாதியின் கோடியில் இருக்கிறது. ஆகவே எங்கே விழுந்தாலும் மெனுவில்தான் எழும்.

சாமான் எல்லாம் பெங்களூரின் எலெக்ட்ரானிக்ஸ் கடைத்தெருவான எஸ்.பி. ரோடில் கிடைத்தது. 74 வரிசையில் எச்.சி. (HC) ரகத்தைவிட எச்.சி.டி. (HCT) ரகம் கேளுங்கள். எச்.சி. ரகம் 5 வோல்ட்டில் ஓடும்போது 3.5 வோல்ட் வந்தால்தான் "ஒன்று" என்று உறுதியாக எடுத்துக்கொள்ளும். எச்.சி.டி.-க்கு 2 வோல்ட் போதும். பழைய சிப்போடு பேச அதுதான் பாதுகாப்பு. 8 கிலோபைட் ரேமுக்கு 6264 கேட்டேன். கடைக்காரர் கன்னடமும் தமிழும் கலந்து, "அது எங்க சார் வருது இப்ப, 62256 தொகோள்ளி, 32 கே, அதே சைஸ்தான்" என்றார். அவர் சொன்னது சரி. இரண்டும் 28 கால், வித்தியாசம் இரண்டே காலில். 6264-க்கு 26-ஆம் கால் சிப்பை எழுப்பும் எனேபிள், 5 வோல்ட்டில் கட்ட வேண்டும். 62256-இல் அதே கால் ஒரு முகவரி லைன். அதுவும் 5 வோல்ட்டில் இருந்தால் என்ன, 32-க்குள் வேறொரு 8 கிலோபைட்டைப் பயன்படுத்தும், அவ்வளவுதான். முதல் காலை மட்டும் அந்தரத்தில் விடாமல் கிரவுண்டில் கட்டிவிட வேண்டும்.

ரோமுக்கு 39எஸ்எஃப்010 ஃப்ளாஷ் சிப் வாங்கினேன். 27சி010 இப்ராமும் இதே போர்டில் உட்காரும். 1, 31 ஆகிய கால்கள் 5 வோல்ட்டில் இருந்தால் இரண்டுக்கும் பொது. ஆனால் இப்ராமை அழிக்கப் புற ஊதா விளக்கு வேண்டும், ஒவ்வொரு தடவையும் காத்திருக்க வேண்டும். பசங்க காத்திருக்க மாட்டார்கள்.

போர்டு வரைகிறவர்கள் இரண்டு விஷயம் கவனிக்க வேண்டும். ஒன்று, ஃபாமிகாமில் ஒலி 45-ஆம் பின் வழியாகக் கேசட்டுக்குள் வந்து 46 வழியாகத் திரும்பிப் போகும். இரண்டையும் போர்டில் இணைக்காவிட்டால் படம் வரும், சத்தம் வராது. இரண்டாவது கொஞ்சம் நுட்பமானது. பேங்க் மாற்ற ரோம் முகவரியில் எழுதும்போது, ரோமும் தன்னிடம் உள்ள பைட்டை அதே டேட்டா லைனில் வைக்கும். இருவரும் ஒரே நேரத்தில் பேசினால் லைனில் எது ஜெயிக்கும் என்று தெரியாது. மெனு சரியாக வரும், மூன்றாவது விளையாட்டைத் தேர்ந்தால் குப்பையாக ஏதோ ஓடும். பழைய தீர்வே நல்ல தீர்வு: நிலையான பேங்கில் 0 முதல் 7 வரை எட்டு பைட்டை வரிசையாக வைத்து, 3-ஐ எழுத வேண்டுமென்றால் 3 இருக்கிற இடத்திலேயே எழுதுவது. இருவரும் ஒரே எண்ணைச் சொல்வதால் சண்டை இல்லை.

ஒரு தாளில் ஒரு விளையாட்டு

பசங்களுக்கு அசெம்பிளி (சிபியுவின் நேரடி மொழி) சொல்லிக்கொடுக்கப் போவதில்லை. அதனால் கடைசி பேங்கில் ஒரு எஞ்சின் எழுதினேன். மெனு, ஜாய்ஸ்டிக் வாசிப்பது, சத்தம், நேரம் எல்லாம் அதில். சிசி65 கம்பைலரில் சி மொழி, வேகம் வேண்டிய இடத்தில் மட்டும் பெட்டியின் சிபியுவான 6502-இன் அசெம்பிளி. மீதி ஏழு பேங்கிலும் புரோகிராமே கிடையாது, விளையாட்டுகளின் தகவல் மட்டும்தான்.

ஒரு விளையாட்டு என்பது அதிகபட்சம் 64 டைல் (எட்டுக்கு எட்டு பிக்சல் படத்துண்டு), ஒரு பின்னணி, ஆறு பொருள்கள், ஒரு விதிப் பட்டியல். விதிக்கு ஒரு வரி: எந்தப் பொருள், எப்போது, என்ன செய்யும், எவ்வளவு. "பூனை, ஏ அழுத்தினால், மேலே போகும், 3" என்று தாளில் கட்டம் போட்டு எழுதிவிடுகிறார்கள். நான் அதை அப்படியே டைப் செய்கிறேன். படம் பிஎன்ஜி ஆக வரும். ஒரு பைத்தான் ஸ்கிரிப்ட் இரண்டையும் பைட்டாக மாற்றி ரோம் ஃபைலில் சேர்த்துவிடும், எஞ்சினைத் திரும்பக் கம்பைல் செய்ய வேண்டியதில்லை. ஒரு விளையாட்டு 2 கிலோபைட்டைத் தாண்டக்கூடாது என்று சட்டம். பேங்குக்கு எட்டு, ஆக மொத்தம் 56 இடம்.

இடையில் காத்திருப்பு இல்லாததற்குக் கணக்கு இதுதான். 64 டைல் என்றால் 1024 பைட். அதை ரோமிலிருந்து படரேமுக்கு நகர்த்த, பைட்டுக்குச் சுமார் 14 சைக்கிள் (சிபியுவின் துடிப்பு). இந்தப் பெட்டியில் ஒரு பிரேமுக்கு (திரையை ஒருமுறை வரையும் நேரத்துக்கு) 35 ஆயிரம் சைக்கிளுக்கு மேல் உண்டு. அரை பிரேமுக்குள் படம் எல்லாம் மாறிவிடும். பின்னணியும் சேர்த்துத் திரை ஒரு கணம் கறுத்துத் தெளிகிறது, அதுவும் வேகத்துக்கு அழகாகவே இருக்கிறது.

வரைவதில்தான் சண்டை வந்தது. பின்னணியில் 16-க்கு 16 பிக்சல் கட்டத்துக்குள் மூன்று நிறமும் பொதுப் பின்னணி நிறமும்தான் வரலாம். அப்படிப்பட்ட மூன்று நிறக் கூட்டு மொத்தமே நான்கு. மூன்றாவது வீட்டுப் பையன் நீல வானம், பச்சை மரம், மஞ்சள் வீடு, சிவப்புக் கதவு, பழுப்பு நாய் எல்லாவற்றையும் ஒரே மூலையில் நெருக்கி வரைந்து வந்தான். ஸ்கிரிப்ட் மறுத்தது. "கம்ப்யூட்டருக்கு கலர் தெரியாதா அண்ணா?" என்று கேட்டுவிட்டு, தானே மரத்தை நகர்த்திக் கதவை மஞ்சளாக்கினான். இப்போது பசங்க 16 கட்டமாகக் கோடு போட்ட தாளிலேயே வரைகிறார்கள். நான் சொல்லித்தந்ததைவிட அந்தக் கோடு நன்றாகச் சொல்லித்தருகிறது.

எனக்கு அதிகம் வேலை வைத்தது அக்கா மகளின் தேர். கார்த்திகைக்குத் திருவண்ணாமலை போய்ப் பார்த்துவிட்டு வந்து வரைந்தது. ஐந்து வினாடிக்குள் வடம் பிடித்து இழுத்துத் தேரை நிலைக்குக் கொண்டுவர வேண்டும். பார்த்தால் எளிது. ஆனால் இந்தப் பெட்டியில் ஒரே வரியில் எட்டு ஸ்பிரைட்டுக்கு (பின்னணிக்கு மேல் தனியாக நகரும் சிறு படத்துக்கு) மேல் தெரியாது, ஒன்பதாவது மறைந்துவிடும். ஒரு ஆள் 16 பிக்சல் அகலம், அதாவது வரிக்கு இரண்டு ஸ்பிரைட். நாலு ஆளோடு எல்லை முடிந்தது. அவள் வரைந்திருந்தது பன்னிரண்டு பேர், வடம் வேறு.

பழைய விளையாட்டுகளில் இதற்கு ஸ்பிரைட்டுகளின் வரிசையைப் பிரேமுக்குப் பிரேம் மாற்றி எல்லோரையும் மினுக்கவிடுவார்கள். செய்து காட்டினேன். "ஏன் மாமா எல்லாரும் டியூப்லைட் மாதிரி மினுக்கறாங்க?" என்றாள். சரி, நியாயம். கடைசியில் தேரையும் வடத்தையும் எட்டுப் பேரையும் பின்னணியிலேயே வரைந்து, பின்னணி முழுவதையும் பக்கவாட்டில் நகர்த்தினோம். முன்னால் நிற்கும் நாலு பேர் மட்டும் ஸ்பிரைட். அவர்கள் அசையும்போது கூட்டமே இழுப்பதுபோல் தெரிகிறது. நிஜத்தில் நகர்வது கோபுரமும் கடைத்தெருவும் சேர்ந்த ஊர் முழுவதும்தான், அதை யாரும் கவனிப்பதில்லை.

அப்புறம் டர்போ பட்டன். நகல் பெட்டிகளின் ஜாய்ஸ்டிக்கில் ஏ, பி-க்கு மேலே டர்போ ஏ, டர்போ பி என்று இரண்டு பட்டன் இருக்கும். பிடித்துக்கொண்டாலே படபடவென்று தானாக அழுத்தும். தேரை வேகமாக ஏ அழுத்தி இழுக்க வைத்திருந்தோம். எதிர்வீட்டுப் பெண் டர்போவைப் பிடித்துக்கொண்டு தேரை ஒரு வினாடியில் நிலை சேர்த்துவிட்டுக் கொட்டாவி விட்டாள். நான் அழுத்தும் வேகத்துக்கு உச்சவரம்பு வைக்கலாம் என்று யோசித்துக்கொண்டிருக்கும்போதே அக்கா மகள் விதியை மாற்றி எழுதிக் கொடுத்தாள்: இடது, வலது, இடது, வலது என்று மாறி மாறி அழுத்தினால்தான் இழுக்கும். அந்தப் பட்டன்களுக்கு டர்போ கிடையாது. விரலும் வலிக்கிறது, தேர் இழுப்பதுபோலவே இருக்கிறது.

சம்ப் (தரைக்கடித் தண்ணீர்த் தொட்டி) விளையாட்டு மாடிவீட்டு அண்ணன் தம்பி இருவரின் யோசனை. காவிரித் தண்ணீர் வருகிற நாளில் வீட்டில் நடப்பதுதான். மோட்டார் ஓடுகிறது, டேங்க் நிறைகிறது, வழிவதற்கு முன் நிறுத்த வேண்டும். முன்னதாக நிறுத்தினாலும் தோல்வி, அம்மா பக்கெட்டோடு வருவார். நிறையும் வேகம் ஒவ்வொரு தடவையும் மாற வேண்டும். பெட்டியில் கடிகாரமோ, ரேண்டமாக எண் தரும் வசதியோ கிடையாது. ஸ்டார்ட் அழுத்துகிற வரைக்கும் ஓடிய பிரேம்களை எண்ணி, அந்த எண்ணையே ரேண்டம் கணக்கின் தொடக்க விதையாகப் போட்டால் போதும், எந்த மனிதனும் இரண்டு தடவை ஒரே பிரேமில் அழுத்த மாட்டான். டேங்க் அளவை எண்ணாகக் காட்டும் இடத்தில் ஒரு குறிப்பு: இந்தப் பெட்டிகளின் 6502-இல் டெசிமல் கணக்கு முறை வெட்டப்பட்டிருக்கிறது. ஒற்றை, பத்து, நூறு என்று இலக்கத்துக்கு ஒரு பைட் வைத்துக் கையால் கூட்டிக்கொள்வதே நல்லது.

விளையாட்டு தொடங்கும்போது திரையில் ஒரே சொல்: "இழு!", "நிறுத்து!", "தாண்டு!". தமிழ் எழுத்தை எட்டுக்கு எட்டு பிக்சலில் வரைய முயற்சி செய்யாதீர்கள். று, ணு எல்லாம் ஒரே புள்ளிக் குவியலாகிவிடும். முழு எழுத்துருவும் வைக்கவில்லை. ஒவ்வொரு கட்டளையையும் 16 பிக்சல் உயரப் படமாகவே வரைந்து, அந்தந்த விளையாட்டின் 64 டைலுக்குள் அடக்கிவிட்டோம். தெருவில் பாதிப் பேர் பள்ளியில் கன்னடம் படிக்கிறவர்கள், ஆகவே மெனுவில் செலக்ட் பட்டனை அழுத்தினால் கட்டளைகள் கன்னடத்தில் வரும். அந்தப் படங்களை அவர்களே வரைந்தார்கள்.

சேர்க்கும் வேலை இப்படி ஓடுகிறது: சிப்பைச் சாக்கெட்டிலிருந்து எடுத்து டிஎல்866 புரோகிராமரில் வைத்து, லினக்ஸில் மினிபுரோ என்ற கட்டளையால் எழுதி, திரும்பச் செருகுவது. சாக்கெட்டோடு சேர்ந்து உயரம் கூடியதால் மஞ்சள் ஓட்டில் ஒரு ஜன்னல் வெட்டியிருக்கிறேன். சாதாரண சாக்கெட் அடிக்கடி எடுத்துப்போட்டால் தளர்ந்துவிடும், உருட்டுப் பின் சாக்கெட் போடுங்கள். ஒவ்வொரு ஐசிக்கும் பக்கத்தில் 0.1 மைக்ரோஃபாரட் கபாசிட்டர் ஒன்று இருக்கட்டும். எழுதுவதற்கு முன், கம்ப்யூட்டரில் இந்தப் பெட்டியைப்போல் நடிக்கும் எமுலேட்டரில் பார்த்துவிடலாம். மெசன் என்ற எமுலேட்டரில் நாட்டு அமைப்பை "டெண்டி" என்று வையுங்கள். ரஷ்யாவில் இந்த வகை நகல் அந்தப் பெயரில் விற்றதால் அந்தப் பெயர். 50 பிரேம் ஓடும், ஆனால் திரை வரையாத இடைவெளி ஜப்பான் பெட்டியைப்போல் 20 வரிதான். ஐரோப்பிய டிவி முறையான பால் (PAL) என்று வைத்துவிட்டால் அந்த இடைவெளி தாராளமாகத் தெரியும், டிவியில் போட்டால் மேல் விளிம்பு கிழியும்.

எல்லாம் ஓடிய பிறகு, ஆபீஸ் நண்பர் ஒருவர் ஜப்பானிலிருந்து வாங்கிவந்த அசல் ஃபாமிகாமில் கேசட்டைப் போட்டுப் பார்த்தோம். பூட்டு இல்லை, உடனே ஓடியது. 45, 46 இணைத்திருந்ததால் சத்தமும் வந்தது. ஆனால் அது வினாடிக்கு 60 பிரேம் பெட்டி. தேர் தறிகெட்டு ஓடியது, நேரமும் சீக்கிரம் முடிந்தது. ஐந்து வினாடி என்பது நம் பெட்டியில் 250 பிரேம், ஒரே பைட்டில் (255 வரை) அடங்கும். 60-இல் அதுவே 300, அடங்காது. 56 விளையாட்டின் எண்களையும் மாற்றுவதற்குப் பதில், எஞ்சின் எழும்போதே இரண்டு பிரேமுக்கு நடுவில் எத்தனை சுற்று ஓட முடிகிறது என்று எண்ணிப் பெட்டி எந்த ரகம் என்று தெரிந்துகொள்கிறது. 60 என்றால் ஒவ்வொரு ஆறாவது பிரேமிலும் விளையாட்டின் கணக்கு ஓய்வெடுக்கும், படம் மட்டும் வரும். ஆறுக்கு ஐந்து, ஆக 60-க்கு 50. தேரின் நகர்வில் ஒரு மெல்லிய குலுக்கல் தெரிகிறது. நிஜத் தேரும் அப்படித்தான் நகரும் என்று அக்கா மகள் ஒப்புதல் கொடுத்துவிட்டதால் அதை அப்படியே விட்டிருக்கிறேன்.